வாய்க்கல்

1

இந்தக் கதை ஓர் எழுத்தின் கால் உதிர்ந்ததால் பிறந்தது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பின்னால் வேறு யாராவது சொல்லி நீங்கள் தெரிந்துகொண்டால் என் மேல் உள்ள மரியாதை குறையும். இப்போதே சொல்லிவிட்டால் குறைவதற்கு ஒன்றும் இருக்காது.

ஐந்தருவிக்குப் போகிற வழியில், முகம்மது சலீமின் பழக்கடைக்கு எதிரே, 'வாய்க்கால்' என்று ஒரு பலகை நின்றது. எந்தத் துறை வைத்ததோ தெரியாது. அம்புக்குறி போட்டு ஒரு சின்ன ஓடையைக் காட்டிக்கொண்டிருந்தது. ஓடை எல்லோர் கண்ணுக்கும் தெரிகிற இடத்தில்தான் ஓடுகிறது. ஆனாலும் பலகை வைத்தால்தானே அது வாய்க்கால்? நாலைந்து சாரல் நனைந்ததில் பெயிண்ட் உரிந்து, 'கா'வின் கால் உதிர்ந்துபோயிற்று. பலகையில் மிஞ்சியது 'வாய்க்கல்'.

போன ஆனி மாதம் சென்னையிலிருந்து வந்த ஒரு குடும்பம் பலகை முன்னால் நின்றது. "ஐயா, வாய்க்கல்னா என்ன?" என்று அந்த அம்மாள் கேட்டார். நான் சலீமின் கடையில் உட்கார்ந்து ரம்புட்டான் உரித்துக்கொண்டிருந்தேன். என் பெயர் ஞானசம்பந்தம். நில அளவைத் துறையில் முப்பத்தோரு வருடம் சங்கிலி பிடித்து ஓய்வு பெற்றவன். கல்லைப் பற்றி நில அளவையர் ஒன்று சொன்னால் யாரும் மறுகேள்வி கேட்பதில்லை.

"எழுதினதை வாசிக்கிற கல்லும்மா," என்றேன்.

வாயிலிருந்து விழுந்துவிட்டது. விழுந்த பிறகு அதற்கு ஒரு நாகரிகத்தையே கட்டிக்கொடுக்க வேண்டியதாயிற்று.

அவர்கள் போனதும் சலீம் சொன்னார்: "ஒரு கால் போனதுக்கே இம்புட்டா அண்ணாச்சி? நல்ல வேளை. ரெண்டு காலும் போயிருந்தா வய்க்கல்னு ஆகி, வைக்கோல்னு நெனச்சு மாடு தின்னுருக்கும்."

2

எப்படித் தொடங்குவது என்று மூன்று தடவை எழுதிப் பார்த்தேன். அடித்ததை மறைக்காமல் விடுகிறேன். காகிதம் என்னுடையதுதான்.

முதல் தொடக்கம்: "மேற்கு மலையின் மடியில், வரலாறு கண் விழிக்காத காலத்தில், ஓதையர் என்றோர் இனம் —" வேண்டாம். மலைக்கு மடி வந்ததுமே எனக்குக் கொட்டாவி வந்துவிட்டது.

இரண்டாவது: "செல்லப்பாவின் குரல்வளையை எடுத்த அன்று வானம் கறுத்து, மழை —" மழை பெய்யவில்லை. மாசி மாத வெயில். கதை என்றால் மழை வந்தே தீர வேண்டும் என்று சட்டம் இல்லை. (குற்றாலத்தில் இருந்துகொண்டு இதைச் சொல்ல எனக்கே கூச்சமாகத்தான் இருக்கிறது.)

மூன்றாவது: "பேச்சித்தாய்க்குப் போட்டி புருஷனோடு இல்லை, புருஷனுடைய செல்போனோடு —" இது நல்ல தொடக்கம். ஆனால் இப்போதே சொல்லிவிட்டால் ஐந்தாம் பகுதிக்கு ஒன்றும் மிஞ்சாது. அதனால் இந்த வரியை நீங்கள் படிக்கவில்லை.

3

சென்னைக்காரர்களிடம் சொன்னது இது.

ஓதையர் ஓலையில் எழுதவில்லை. ஈரக் களிமண் பலகையில் எழுத்தைப் பள்ளமாகக் கீறிச் சூளையில் சுட்டார்கள். பலகையை வாய்க்கல்லின் குழிக்குள் செருகி அருவிக்கு அடியில் வைத்தால், தண்ணீர் எழுத்துப் பள்ளங்களில் ஓடிக் கல்லின் வாய் வழியே குரலாக வெளிவரும். பள்ளம் நீண்டால் நெடில். புள்ளி வைத்த இடத்தில் தண்ணீர் ஒரு கணம் திக்கும், அதுதான் மெய்யெழுத்து. சாரல் காலத்தில் இளந்தாரிக் குரல், ஐப்பசி அடைமழையில் அதட்டல், கோடையில் வெறும் இருமல். ஆகவே பங்குனியில் எழுதின சண்டைக் கடிதம் ஆனியில்தான் காதில் விழும். அதற்குள் இரண்டு பேருக்கும் சண்டை மறந்து, யார் இப்படிக் கத்துகிறது என்று சேர்ந்து சிரிப்பார்கள்.*

* ஆகையால் ஓதையர் நாட்டில் வக்கீல்கள் இல்லை என்றேன். அந்த அம்மாளின் வீட்டுக்காரர் முகம் சுருங்கிவிட்டது. வக்கீலாம்.

அவர்களுக்கு ஒரே ஒரு சட்டம்: வாயால் சொல்லாததைக் கையால் எழுதக் கூடாது. ஒருவன் 'தங்கள் மேலான கவனத்திற்கு' என்று எழுதிவிட்டால், அவனையே அருவிக்கரையில் நிறுத்தி அவன் மனுவை அவன் காதாலேயே கேட்க வைப்பார்கள். மூன்றாம் தடவை பெரும்பாலும் அழுதுவிடுவார்கள்.

"அப்புறம் அவங்கல்லாம் என்ன ஆனாங்க?" என்று அந்த அம்மாள் கேட்டார்.

எழுத்துப் பிழையில் அழிந்தார்கள் என்றேன். எதிரி வருவதை ஊருக்கு அறிவிக்க ராஜா உத்தரவு போட்டார். கீறியவன் கை வழுக்கிவிட்டது. 'படை வருகிறது' என்பது 'வடை வருகிறது' என்று அருவியெல்லாம் முழங்கியது. எதிரி வந்து பார்க்கும்போது ஊரே இலை போட்டு உட்கார்ந்திருந்தது.

இவ்வளவையும் அவர்கள் மகள் செல்போனில் படம் பிடித்தாள் என்பது எனக்கு அப்போது தெரியாது. ஒரு வாரத்தில் தென்காசி வட்டாரத்தில் அதைப் பார்க்காத ஆள் இல்லை.

4

பார்த்தவர்களில் ஒருவர் சலீமின் கடைக்கு வந்து நின்றார். கழுத்தைச் சுற்றித் துண்டு. கையில் நாற்பது பக்க நோட்டு. என்னைக் கும்பிட்டுவிட்டு, ஏற்கெனவே எழுதிக்கொண்டு வந்திருந்த பக்கத்தை நீட்டினார். என்னிடம் கண்ணாடி இல்லை. சலீம் வாங்கி வாசித்தார்.

"'மதிப்பிற்குரிய ஐயா, தாங்கள் காணொளியில் கூறிய கருவி தற்போது எவ்விடத்தில் உள்ளது என்பதைத் தெரிவிக்குமாறு பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறேன். இப்படிக்கு, கு. செல்லப்பா, இலஞ்சி.'" சலீம் நிமிர்ந்து ஆளைப் பார்த்தார். "மினி பஸ் கண்டக்டர் செல்லப்பா அண்ணாச்சில்லா? என்ன இப்படி இளைச்சுப் போனீரு?"

செல்லப்பா துண்டை விலக்கிக் காட்டினார். தொண்டைக்குழியில் ஒரு ஓட்டை. அதன் மேல் மெல்லிய துணி. மூச்சு அந்த வழியாக வந்து போயிற்று.

சலீம் நோட்டைத் திருப்பிக் கொடுத்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். "குத்துக்கல்வலசைக்கும் குத்தாலத்துக்கும் இருபத்தாறு வருஷம் இவரு சத்தம்தான் அண்ணாச்சி. 'ஏலே, படியில தொங்காத, உள்ள மெத்தை விரிச்சுருக்கேன்'ம்பாரு. பஸ்ஸே சிரிக்கும். எழுதிருக்கதைப் பாத்தா மனுநீதி நாளுக்கு வந்த மாதிரில்லா இருக்கு."

செல்லப்பா சிரித்தார். சத்தமில்லாத சிரிப்பு. தோள் மட்டும் குலுங்கிற்று.

அந்த இடத்தில் உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். "கல்லு மேல காட்டுக்குள்ள இருக்கு. இப்பத் தண்ணி வரத்து சரியில்ல," என்றேன். ஓட்டத்தில் இருக்கிற பொய்யைச் சட்டென்று நிறுத்தினால் பின்னால் வருகிற பொய் வந்து முட்டிக்கொள்ளும்.

செல்லப்பா அடுத்த பக்கத்தைப் புரட்டினார். சலீம் வாசித்தார். "'என்னால் பேச இயலாது. என் மனைவியால் படிக்க இயலாது. அவள் மூன்று மாதங்களாகச் சிவகிரியில் மகள் இல்லத்தில் தங்கியுள்ளாள். என் குரலில் அழைத்தால் மட்டுமே திரும்புவதாகக் கூறியுள்ளாள்.'"

5

இனி வருவது நான் பார்க்காதது. ஏறாத மலையின் உயரத்தையும் அடிவாரத்தில் நின்று அளப்பது எங்கள் தொழில். அப்படித்தான் இதுவும்.

ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மறுநாள் மகள் நிவேதா செல்போனில் ஒன்றை ஏற்றிக் கொடுத்தாள். "இதுல எழுதுங்கப்பா. அதுவே வாசிச்சுச் சொல்லிரும்."

செல்லப்பா செல்போனை மடியில் வைத்துக்கொண்டு யோசித்தார். வாயைத் திறந்தால் ஊரையே சிரிக்க வைக்கிற மனுஷர், எழுத வேண்டும் என்றால் முதுகு நிமிர்ந்துவிடும். எழுத்து என்பது அவருக்குப் பள்ளிக்கூடம், பஞ்சாயத்து ஆபீஸ், விடுப்பு விண்ணப்பம். வாயில் வருவதையெல்லாம் அதில் போடுவது செருப்புக் காலோடு இலஞ்சிக் குமாரர் சன்னிதிக்குள் நுழைவது போல. யோசித்து யோசித்து எழுதினார்: 'பேச்சித்தாய், தயவுசெய்து ஒரு குவளை தேநீர் கொண்டு வரவும்.'

செல்போனுக்குள்ளிருந்து ஒரு பெண், செய்தி வாசிக்கிற சுத்தத்தோடு, அதைச் சொன்னாள்.

அடுப்படியில் பாத்திரம் உருண்டது. பேச்சித்தாய் ஈரக்கையோடு வெளியே வந்தாள். "யாரு வந்திருக்கா?"

செல்லப்பா செல்போனைக் காட்டினார்.

"முப்பத்துநாலு வருஷத்துல நீங்களே எம் பேரைச் சொன்னது கெடையாது. இவ யாரு சொல்லுததுக்கு? இவளுக்குத் தேத்தண்ணி வேற நான் போடணுமோ?"

உண்மை. அவர் அவளைக் கூப்பிட்டதெல்லாம் 'ஏட்டி', எங்கள் பக்கத்து 'அடியே'. கல்யாணமான மூன்றாம் நாளிலிருந்து வேறு பெயர் கிடையாது. பசித்தால் அது நீளும், கோபம் வந்தால் முறியும், காய்ச்சலில் கிடந்தால் பாதியோடு நிற்கும். மத்தியானம் பஸ் வீட்டைத் தாண்டும்போது படியில் தொங்கியபடி "ஏட்டி" என்று ஒரு சத்தம் கொடுப்பார். பஸ்ஸில் இருப்பவர்கள் சிரிப்பார்கள். "மானத்தை வாங்குதாக," என்பாள் பேச்சித்தாய். ஆனால் அந்த நேரத்துக்குச் சரியாக வாசலில் நிற்பாள்.

(வாசகர் கேட்பீர்கள்: தொண்டையில் வைத்துப் பேசுகிற கருவி ஒன்று இருக்கிறதே? இருக்கிறது. வாங்கிப் பார்த்தார். "கிரைண்டருக்குள்ள இருந்து கூப்பிடுதாப்ல இருக்கு," என்றாள். பழைய குரல் எங்கேயும் பதிவாகியிருக்காதா? மகள் கல்யாண வீடியோவில் செல்லப்பா ஓயாமல் பேசுகிறார். வாய் அசைகிறது. மேலே நாதஸ்வரம்.)

மூன்று வாரம் அந்தச் செல்போன்காரி வீட்டில் பேசினாள். 'உணவு அருமை', 'மின்விசிறியை அணைக்கவும்', 'நீ உறங்கலாம்'. பேச்சித்தாய் பதில் சொல்வதைக் குறைத்துக்கொண்டே வந்தாள். பங்குனிக் கடைசியில் ஒரு நாள், "நான் எம் மவ வீட்டுக்குப் போய்ட்டா அப்பத் தெரியும். அவளே ஒங்களுக்குச் சோறு பொங்கட்டும்," என்றாள். பாதி விளையாட்டு. முகத்தில் சிரிப்புக்கூட இருந்தது.

செல்லப்பாவுக்குத் தொண்டை வரைக்கும் ஒரு சொல் வந்தது. அதற்கு மேல் வழி இல்லை. அந்தச் சொல்லை எழுதலாம் என்றும் தோன்றியது, ஏனென்றால் அது அகராதியில் உள்ள சொல். யார் பார்த்தாலும் குற்றம் சொல்லமாட்டார்கள். எழுதினார்: 'போட்டி.'

எங்கள் பக்கம் 'போட்டி' என்றால் 'அட, போடி' என்று அர்த்தம். சொல்கிற விதத்தில் சொன்னால் எந்தப் பெண்டாட்டியும் இடத்தை விட்டு அசையமாட்டாள். செல்போன்காரி அதை விளையாட்டுச் செய்தியின் தலைப்பு மாதிரி வாசித்தாள்.

"போட்டியா?" பேச்சித்தாயின் முகத்தில் இருந்த சிரிப்பு போயிற்று. "எனக்கும் அவளுக்குமா?"

செல்லப்பா இரண்டு கையையும் ஆட்டினார். இல்லை என்பதை எழுதத் தொடங்கினார். அவர் விரல் 'இல்'லில் இருக்கும்போதே அவள் நாலு சேலையை ஒரு பையில் திணித்துவிட்டாள்.

"அவளே செயிச்சுட்டுப் போட்டும். ஒங்க வாயால கூப்பிட்டா வாரேன்."

பதினொன்றரை பஸ்ஸில் போய்விட்டாள்.

6

இங்கே எனக்கு இரண்டு சந்தேகம்.

ஒன்று, பேச்சித்தாய். இவளுக்குப் படிக்கத் தெரியும் என்று வைத்துவிட்டால் இந்தக் கதையே வேண்டாம். ஒரு பகுதி சேர்த்து அவளை எழுத்துக் கூட்ட வைக்கலாமா என்று அவளிடமே கேட்டுப் பார்த்தேன். கதை எழுதுகிறவனுக்கு அந்த உரிமை உண்டு.

"நான் படிச்சுட்டா அவுக எழுதிக்கிட்டே இருப்பாக, நான் வாசிச்சுக்கிட்டே இருப்பேன்," என்றாள். "அப்புறம் வீட்டுல சத்தம் யாரு போடுததாம்?"

அந்தப் பகுதி வேண்டாம் என்று விட்டுவிட்டேன்.

இன்னொன்று, செல்லப்பா. வாயில் அப்படிப் பேசுகிறவர் கையில் இப்படி எழுதுவாரா என்று நீங்கள் ஐயப்படலாம். அவரை விடுங்கள். என்னைப் பாருங்கள். சலீம் கடையில் இதையே சொன்னபோது 'பையைத் தூக்கிட்டுப் போய்ட்டா' என்றேன். உங்களுக்கு எழுதும்போது 'போய்விட்டாள்' என்கிறேன். ஓதையர் என்னையும் அருவிக்கரையில் நிறுத்தியிருப்பார்கள். மூன்றாம் தடவை நானும் —

சரி, அது வேண்டாம்.

7

நோட்டில் எழுதியிருந்ததைக் கேட்ட பிறகு பொய்யை நீட்ட எனக்கு மனம் வரவில்லை. "செல்லப்பா, அப்படிக் கல்லே கெடையாது வே. பலகையில கால் போயிருந்துச்சு. நான் ஒரு கதை விட்டேன்," என்றேன். முப்பத்தோரு வருட வேலையில்கூட இவ்வளவு சுருக்கமாக நான் அறிக்கை கொடுத்ததில்லை.

செல்லப்பா பேனாவைத் திறந்து ஒரே சொல் எழுதினார்: 'தெரியும்.' பிறகு அடுத்த வரி: 'அப்பலகையில் கால் இருந்த காலத்திலிருந்தே அடியேன் அவ்வழியில் பேருந்து ஓட்டத்தில் இருந்தவன்.'

"பெறகு எதுக்குவே வந்தீரு?" என்றார் சலீம்.

செல்லப்பா நெடுநேரம் எழுதினார். சலீம் வாசித்தார். "'தாங்கள் இல்லாத ஒன்றை இருப்பதாகக் கூறியபோது தங்கள் முகம் மாறவில்லை. அனைவரும் நம்பினர். அத்தகைய வாய் வேறு எவரிடமும் இல்லை. அருள்கூர்ந்து அந்த வாயை ஒரு நாளைக்கு எனக்கு இரவல் தரவும்.'"

ஆக, கருவி நான்தான். அவர் எழுதியதை எடுத்துக்கொண்டு சிவகிரிக்குப் போய் அவர் குரலில் வாசிக்க வேண்டும். என் வாயைப் பாராட்டி இதுவரை வந்த ஒரே எழுத்துச் சான்று அது. மறுக்கவா முடியும்?

8

தென்காசியிலிருந்து சிவகிரி போகிற பஸ்ஸில், செல்லப்பாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே, வழி முழுக்க நான் அவர் குரலைப் பயின்றேன். சலீம் எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்: மூக்கில் கொஞ்சம், வயிற்றில் மீதி. முன் சீட்டில் இருந்தவர் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

நிவேதாவின் வீட்டுக்குள் செல்லப்பா வரவில்லை. கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டார். பேச்சித்தாய் முன்னறையில் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். எனக்கு நாற்காலி போட்டார்கள். நிவேதா அடுப்படி வாசலில் நின்றாள்.

நான் தாளைப் பிரித்தேன். இனி எப்படி முடிப்பது என்பதற்கு என்னிடம் இரண்டு முடிவு தயாராக இருந்தது.

(அ) எழுதியிருப்பதை எழுதியபடி வாசிப்பது. 'அன்புள்ள பேச்சித்தாய், நலம். நலமறிய அவா. தாங்கள் இல்லத்திற்குத் திரும்புமாறு கேட்டுக்கொள்கிறேன்.' அவள் பூண்டை முடித்துவிட்டு வெங்காயம் எடுப்பாள். நாங்கள் அடுத்த பஸ்ஸைப் பிடிப்போம்.

(ஆ) எழுதாததை வாசிப்பது. மூக்கில் கொஞ்சம், வயிற்றில் மீதி வைத்து, "ஏட்டி, போதும்டி, வா" என்பது. எங்கள் பக்கம் ஒரு பெண்ணை அப்படிக் கூப்பிட அவளைப் பெற்றவர்களுக்கு உரிமை உண்டு, கூடப் பிறந்தவர்களுக்கு, கூட்டாளிக்கு, புருஷனுக்கு உண்டு. நில அளவையருக்குக் கிடையாது. இந்த முடிவில் நிவேதாவின் மாமனார் உள்ளேயிருந்து வருவார். அதற்குப் பிறகு இந்தக் கதையை வேறு யாராவதுதான் எழுத வேண்டியிருக்கும்.

நடந்தது இரண்டும் இல்லை. "அன்புள்ள பே..." என்று ஆரம்பித்தேன். இல்லாத ராஜாவையும் வராத வடையையும் திக்காமல் சொன்ன வாய், அதற்கு மேல் போகவில்லை.

"அவுக என்னைய அப்படிக் கூப்பிடமாட்டாகளே," என்றாள் பேச்சித்தாய்.

"தெரியும் தாயி. அதை நான் எப்படிச் சொல்லுதது?"

"நீங்க சொல்ல வேண்டாம்." பூண்டுத் தோலைத் தட்டிவிட்டு எழுந்து வந்து, தாளை என் கையிலிருந்து வாங்கி உற்றுப் பார்த்தாள். தலைகீழாகத்தான் பிடித்திருந்தாள். "இதுல அது எங்கன இருக்கு? கைய வச்சுக் காட்டுங்க."

"இதுல இல்ல தாயி."

"எழுதலையா?"

"எழுதலை."

அவள் தாளை மடித்து என்னிடமே தந்தாள். கேட்டுக்கு வெளியே அது கேட்டிருக்க வேண்டும். செல்லப்பா உள்ளே வந்தார். செருப்பைக் கழற்ற மறந்துவிட்டார். நோட்டை வாசல் சுவரில் வைத்துப் பேனாவைத் திறந்தார்.

சொல்லச் சொல்லத் தேய்ந்த சொல்தான். ஆனால் அதை எழுத்தில் அவர் கண்டதே இல்லை. எந்த மனுவில் வரும், எந்தப் பாடத்தில் வரும்? முதலில் 'எட்டி' என்று எழுதினார். பார்த்தார். அது காயைத் தின்றால் ஆளைக் கொல்கிற மரம். முதல் எழுத்தின் அடியில் கீழே இழுத்து ஒரு கோடு போட்டார். நோட்டை அவளிடம் நீட்டினார். அவள் விரலைப் பிடித்து அந்தச் சொல்லின் மேல் வைத்தார்.

பேச்சித்தாய் விரலை எடுக்கவில்லை. கோடு கோடாக அதைத் தடவிப் பார்த்தாள்.

"எம்புட்டு எழுத்து இது?"

செல்லப்பா மூன்று விரலைக் காட்டினார்.

"மூணு எழுத்துக்கா மூணு மாசம்?"

நோட்டைக் கையிலேயே வைத்துக்கொண்டு உள்ளறைப் பக்கம் நடந்தாள்.

அவள் காதில் அப்போது என்ன கேட்டது, யாருடைய குரலில் கேட்டது, எனக்குத் தெரியாது. இதுவரை அந்தச் சொல்லை நீங்கள் எந்தக் குரலில் வாசித்துக்கொண்டு வந்தீர்கள் என்பதும் தெரியாது. எனக்குத் தெரிந்தது அளவு மட்டும்தான். அவள் நின்ற இடத்திலிருந்து உள்ளறை வாசல் பதினோரு அடி. அந்த அறைக்குள் அவளுடைய பை இருக்கிறது. கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாளும் இருக்கிறது. நான் அவளை ஆறாவது அடியில் நிறுத்தி வைத்திருக்கிறேன். மீதி ஐந்து அடிக்கு நீங்கள்தான் அவளைக் கூட்டிக்கொண்டு போக வேண்டும். கொஞ்சம் சீக்கிரம். செல்லப்பா இன்னும் மூச்சை விடவில்லை.